கிணற்றுக்கு மேல் ஓடிய ரம்பம்

தையல்நாயகி அம்மையின் மடத்தில் குடிதண்ணீருக்குக் கிணறு ஒன்றுதான். அதன் மேல் சாய்ந்திருந்த வேப்பங்கிளை காலையில் விரிசல் விட்டது. சாயங்காலம் பலத்த காற்று வரும் என்றார்கள். கிளை முறிந்தால் கிணற்றுச் சுவரையும் இழுத்துக்கொண்டு உள்ளே போய்விடும். கிணற்றை மூடிவைத்த தகரம் போன காற்றிலேயே பறந்துவிட்டது.

கிளையை அறுக்கும் பொறுப்பு இருளப்பனுக்கு. பஸ் டிப்போவில் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றபின் சீடரானவர், குருவான அம்மையைவிட மூத்தவர். கவலைப்படுவதிலிருந்து மட்டும் அவர் இன்னும் ஓய்வு பெறவில்லை.

நீளக் கம்பின் நுனியில் சங்கிலி ரம்பம். எண்ணெய் இல்லாமல் ஓட்டினால் சங்கிலி இறுகிவிடும். பாதி அறுத்த கிளை அந்தரத்தில் தொங்கும்.

"எந்த எண்ணெய் ஊத்தட்டும் அம்மா? பஸ் என்ஜின்ல வடிச்ச வேஸ்ட் ஆயில் இருக்கு. விளக்கெண்ணெயும் இருக்கு."

"எது நல்லது?"

"வேஸ்ட் ஆயில்னா ரம்பத்துக்கு ஒண்ணும் ஆகாது."

"ஊத்துங்க."

ஊற்றினார். அம்மை ஒரு சொம்பில் கிணற்றுத் தண்ணீர் மொண்டு முற்றத்தில் வைத்தார்.

"இதுக்கு மேல பிடிச்சு ஒரு தடவை ஓட்டுங்க."

ஓட்டினார். சங்கிலி சுற்றச் சுற்ற, கறுப்புத் துளிகள் சொம்பில் தெறித்தன. அம்மை சொம்பை எடுத்துக் குடிக்க அண்ணாந்தார்.

இருளப்பன் ரம்பத்தைப் போட்டுவிட்டு ஓடி வந்து சொம்பைப் பிடுங்கினார். தண்ணீரில் எண்ணெய் மினுங்கியது.

மேலே கிளை முனகியது.

அவர் அவசரமாக வேஸ்ட் ஆயிலை வடித்து, சங்கிலியைத் துடைத்து, விளக்கெண்ணெய் ஊற்றினார். கிளையைக் கயிற்றால் கட்டி அறுக்கத் தொடங்கினார். கண் கிளையில் இருந்தாலும் காதெல்லாம் ரம்பத்திடம்தான். சத்தம் கொஞ்சம் மாறினாலும் நிறுத்தினார், சங்கிலியைத் தொட்டுப் பார்த்தார், மீண்டும் ஓட்டினார்.

காற்று கிளம்புமுன் கிளை பத்திரமாகத் தரைக்கு இறங்கியது. சங்கிலி பிசுபிசுவென்று இருந்தது.

"கிளை இறங்கிடுச்சு அம்மா. ஆனா பயந்துகிட்டேதான் அறுத்தேன். இந்த எண்ணெயில ரம்பம் கெட்டுப்போயிருந்தா?"

"அது சத்தம் போட்டு உங்ககிட்ட சொல்லியிருக்கும். கிணறு யாருகிட்ட போய்ச் சொல்லும்?"