பேச்சாயி கொடுத்த நாழிகை

நாழிகையைக் கறக்கத் தெரிந்த பண்டிதர் ஒருவர் அரண்மனையில் இருந்தார். ஒருவர் வாழ்ந்து முடித்த நாழிகையைக் கறந்து செம்பில் பிடிப்பார். ராஜா அதைக் குடித்து, கொடுத்தவர் வாழ்ந்தபடியே வாழ்வார், ஆயுளும் கூடும். கொடுத்தவருக்கு அது நடந்தது தெரியும், முகங்கள் மட்டும் மறந்துபோகும்.

ராஜாவுக்கென்றால் நல்லதைத்தானே கொடுப்பார்கள்? தாலி கட்டிய நாழிகை, தலைப்பிள்ளையை ஏந்திய நாழிகை என்று கொடுத்துக் கொடுத்தே ஜனங்கள் வெறுமையானார்கள்.

லாயத்துக்குப் புல் சுமக்கும் பேச்சாயியின் முறை வந்தது.

"எந்த நாழிகையும் தரலாமா, சாமி?"

"நீ என்ன பெரிய வாழ்வு வாழ்ந்துவிட்டாய்? எதையாவது கொடு!" என்றார் பண்டிதர்.

கொடுத்தாள். ராஜா ஒரே மடக்கில் குடித்தார்.

குடித்தவர் சபை நடுவே தரையில் சரிந்தார். இல்லாத குழந்தையை மடியில் அணைத்துக்கொண்டு, தம் அரண்மனை வாசலையே பார்த்து, "கதவைத் திறங்க! வைத்தியரை அனுப்புங்க! பிள்ளைக்கு உடம்பு கொதிக்குதே!" என்று கதறினார். அன்று பேச்சாயிக்குக் கதவைத் திறக்காத காவலர்கள் தலைகுனிந்தார்கள்.

நாழிகை முடிந்ததும், "இதை உடனே திருப்பி எடுத்துக்கொள்!" என்று ராஜா பேச்சாயியிடம் கெஞ்சினார்.

"எல்லாருடையதையும் திருப்பிக் கொடுங்க, மகாராஜா. என்னுடையதைக் கடைசியா வாங்கிக்கிறேன்."

கொடுத்தவர் சம்மதித்தால்தான் குடித்த நாழிகையை வெளியே எடுக்க முடியும்; ராஜாவுக்கு வேறு வழியில்லை. பண்டிதர் ராஜாவிடமிருந்தே எல்லாவற்றையும் கறந்து ஊருக்குக் கொடுத்தார். கடைசிச் செம்பை நீட்டும்போது, "இந்தத் துயரம் உனக்கு எதற்கு? கொட்டிவிடேன்," என்றார்.

பேச்சாயி அதை இரு கையாலும் வாங்கினாள்.

"என் பிள்ளை முகம் இதுக்குள்ள இருக்கு, சாமி."

ஒரு சொட்டுக்கூடச் சிந்தாமல் குடித்தாள்.