அடுப்பில் காட்டாத வெண்ணெய்

"இதையும் அவர் வாயில வைக்கலை, சாமி."

சௌந்தரவல்லி டப்பாவைத் திறந்து நீட்டினாள். உள்ளே வெண்ணெய் பிஸ்கட். காலையில் வீட்டு ஓவனில் சுட்டது.

கோத்தகிரி ஆசிரமத்துக்கு வருகிறவர்கள் நிம்மதி கேட்பார்கள், கொஞ்சம் பேராசை பிடித்தவர்கள் மோட்சமே கேட்பார்கள். பிஸ்கட் பக்குவம் கேட்டு வந்தவள் இவள் ஒருத்திதான். சாமிக்கு அவள் மகன் வயதுகூட இருக்காது. ஆனால் ஆசிரமத்து அடுப்படியில் அவர் சுடும் பிஸ்கட் வாயில் போட்டதும் கரையும் என்று ஊரே சொல்லும்.

அவள் கணவர் தணிகாசலத்துக்கு ஆஸ்பத்திரியில் கைவிரித்துவிட்டார்கள். வீட்டுக்குக் கூட்டிப் போகச் சொல்லிவிட்டார்கள். சோறு இறங்கவில்லை. அவர் ஆசையாகச் சாப்பிட்டதென்றால் இந்த பிஸ்கட் ஒன்றுதான். அதனால் வல்லி அடுப்படியே கதியென்று கிடந்தாள்.

சாமி ஒன்றை எடுத்து உடைத்தார். டக்கென்று சத்தம் கேட்டது.

"வெண்ணெயை எப்படி இளக்கினீங்க?"

"அடுப்புல காட்டினேன். இந்த மார்கழிக் குளிர்ல கல்லாட்டம் கிடக்கே."

"உருகிப் போச்சு. அதான் இப்படி. அது தானா இளகணும்மா."

"அதுக்கு அரை நாள் ஆகும் சாமி. அதுவரைக்கும் நான் என்ன பண்றது?"

சாமி அவள் முகத்தையே பார்த்தார்.

"உங்க வீட்ல கதகதப்பான ரூம் எது?"

வல்லி தயங்கினாள்.

"அவர் படுத்திருக்கிற ரூம். ஹீட்டர் அங்கதான் ஓடுது."

"அங்க வைங்க. பக்கத்துலயே உட்காருங்க. ரொம்ப இளகிடாமப் பார்த்துக்கணும்."

அவளுக்கு அந்த அறையென்றால் பயம். மருந்து கொடுக்கப் போவாள், கொடுத்த கையோடு திரும்பிவிடுவாள். "கொஞ்சம் உட்காரேன் வல்லி" என்பார் அவர். "ஓவன்ல பிஸ்கட் இருக்குங்க, கருகிடும்" என்பாள் இவள். பிஸ்கட் கருகியதே இல்லை.

மறுநாள் வெண்ணெய்க் கிண்ணத்தோடு போய்க் கட்டிலருகே உட்கார்ந்தாள்.

தணிகாசலம் கண் திறந்தார்.

"ஓவன்ல ஒண்ணும் இல்லையா?"

"இல்லைங்க."

"அது என்ன கிண்ணம்?"

"வெண்ணெய். இளகட்டும்னு வச்சிருக்கேன்."

"அப்போ நேரமாகும்."

"ஆமாங்க."

அவர் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார்.

"பயமா இருக்கு வல்லி."

இந்த வார்த்தை காதில் விழக்கூடாது என்றுதான் இத்தனை நாள் மாவும் சர்க்கரையுமாக ஓடிக்கொண்டிருந்தாள்.

"எனக்கும்தாங்க" என்றாள். சொன்னதும் அழுகை பொத்துக்கொண்டு வந்தது. அவரும் அழுதார்.

அடுத்த நாளே அவர் போய்விட்டார்.

காரியமெல்லாம் முடிந்தபின் வல்லி ஆசிரமத்துக்கு வந்தாள். சாமி வந்து எதிரே உட்கார்ந்தார். வெளியே பனி இறங்கியிருந்தது.

"வெண்ணெய் பதமா இளகிச்சாம்மா?"

"பார்க்கலை சாமி. ரெண்டு கையும் அவர் கைக்குள்ள இருந்துச்சு."