ஷென் பண்டிதரின் ஏழு பொருள் சாறு

வடசீனத்து ஆற்றங்கரை ஊர் ஒன்றில் மெய்லான் என்ற பெண்மணி இருந்தாள். பன்றிக் கறிக் கொழுக்கட்டை செய்வதில் அவளுக்கு இணை கிடையாது. அவளுக்கு வயது முப்பத்து நான்கு. அவளுடைய ஒரே சீடர் ஷென் பண்டிதருக்கு அறுபத்தொன்று.

பண்டிதர் வினிகரைப் பற்றி மட்டுமே நான்கு நூல்கள் படித்தவர். நான்கும் ஒன்றையொன்று மறுப்பவை. அவருக்கு நான்கும் மனப்பாடம்.

ஒரு நாள் காலை, கையில் மூடிய கூடையோடு அவர் மெய்லானின் அடுப்படிக்குள் ஓடி வந்தார்.

“குருவே, மதியம் என் மகள் வருகிறாள்.”

மெய்லான் நிமிர்ந்து பார்த்தாள். அவர் பார்த்த மாப்பிள்ளையை மறுத்து, ஒரு படகோட்டியை மணந்துகொண்டு மூன்று ஆண்டுகளுக்கு முன் வீட்டைவிட்டுப் போனவள் லியென். அதன் பிறகு இருவரும் பேசவில்லை.

“தங்குவாளா?”

“ஒரு வேளைச் சாப்பாடு என்று எழுதியிருக்கிறாள். கொழுக்கட்டை போதுமாம். அது சரியாக அமையாவிட்டால் மறுபடி எப்போது வருவாளோ!”

“மாவு?”

“காதுமடல் போல மெத்தென்று பிசைந்தேன்.”

“கறி?”

“ஒரே திசையில் கிளறினேன். இஞ்சித் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடிக்கவிட்டேன்.”

“போன வாரம் போலப் பிதுங்கப் பிதுங்கத் திணித்தீர்களா?”

“இல்லை. விளிம்பில் கொழுப்பே படவில்லை.”

“பரவாயில்லையே. இத்தனை படித்த பிறகும் கை வேலை செய்கிறது.”

கூடையிலிருந்து இரண்டை எடுத்துக் கொதிக்கும் நீரில் போட்டாள். நீர் பொங்கியபோதெல்லாம் ஓர் அகப்பை குளிர்ந்த நீர் விட்டாள். மூன்று முறை. கொழுக்கட்டைகள் மிதந்து வந்தன. ஒன்றும் வாய் பிளக்கவில்லை.

ஒன்றை வெறுமனே தின்றாள். நெடுநேரம் மென்றாள்.

“என்னுடையதைவிட நன்றாக இருக்கிறது” என்றாள்.

பண்டிதர் கூடையைக் கீழே வைத்துவிட்டுக் குனிந்து வணங்கினார்.

நிமிர்ந்ததும் கேட்டார்: “தொட்டுக்கொள்ளும் சாறுதான் சிக்கல், குருவே. மகளுக்குப் பல் முளைத்த நாளிலிருந்து நான்தான் கலந்து வைப்பேன். ஏழு பொருள். வினிகர் மூன்று பங்கு, சோயா இரண்டு, பூண்டு ஒன்று, மற்ற நான்கும் துளித்துளி. ஆனால் நான்காவது நூல் பூண்டைப் பாதியாக்கச் சொல்கிறது. எது சரி?”

“லியெனுக்குப் பூண்டு பிடிக்குமா?”

“பூண்டு செரிமானத்துக்கு...”

“செரிமானத்தைப் பற்றி யார் கேட்டது?”

மெய்லான் விடவில்லை.

“மிளகாய் எண்ணெய் பிடிக்குமா?”

“நான் கலந்து வைப்பதைத் தொட்டுக்கொள்வாள்.”

“எவ்வளவு தொடுவாள்?”

அவர் யோசித்தார். கொழுக்கட்டையின் ஒரு முனை சாற்றில் பட்டதும் சட்டென்று மேலே போகும் ஒரு சிறு கை, அவர் கண்முன் வந்தது.

“ஓரத்தை மட்டும்” என்றார் மெல்ல. “எப்போதும் ஓரத்தை மட்டும்தான்.”

மெய்லான் அலமாரியிலிருந்து ஒரு சிறு கிண்ணத்தை எடுத்து, துணியால் துடைத்து அவரிடம் நீட்டினாள்.

“வினிகர், சோயா, பூண்டு, மற்றதெல்லாம் தனித்தனியாக அவள் கைக்கு எட்டும்படி வையுங்கள். இதை அவள் முன்னால் வையுங்கள்.”

“இதில் என்ன ஊற்றுவது?”

“ஒன்றும் வேண்டாம்.”

பண்டிதர் வெறுங்கிண்ணத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கூடையை எடுத்துக்கொண்டு வாசல்வரை போனார். அங்கேயே நின்றுவிட்டார்.

“அவள் தப்பாகக் கலந்துவிட்டால், குருவே?”

மெய்லான் மீதமிருந்த இன்னொரு கொழுக்கட்டையை வாயில் போட்டுக்கொண்டாள். விழுங்கிவிட்டுச் சொன்னாள்:

“உங்கள் கொழுக்கட்டை ஒன்றை அவள் கலந்ததில் தொட்டுச் சாப்பிடுங்கள்.”