நிழலால் கட்டிய கோயில்

முன்னொரு காலத்திலே, கடல் இன்னும் உப்புக் கரிக்கத் தொடங்காத காலத்திலே, வெயில்நாடு என்றொரு ராஜ்யம் இருந்தது. அங்கே மரம் கிடையாது, மலை கிடையாது, வெயில் மட்டும் வேண்டிய மட்டும் உண்டு. நாட்டின் நடுப்பொட்டலில் ஒற்றைக் கருங்கல் தூண். உச்சிவேளையில் போய்ப் பார்த்தால், ‘இதையா கோயில் என்கிறார்கள்?’ என்று சிரித்துவிட்டுத் திரும்பிவிடுவீர்கள். பொழுது சாயட்டும், அப்புறம் பாருங்கள். தூணிலிருந்து நிழல் இறங்கும். முதலில் கோபுரம், பிறகு மண்டபம், பிறகு தூண் தூணாகப் பிராகாரம். அத்தனையும் தரையில், அத்தனையும் நிழல். சனங்கள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே நடப்பார்கள். வெந்த பாதம் குளிரும். அதுதான் அங்கே தரிசனம்.

அந்த நாட்டில் யார் இறந்தாலும் அவர் நிழல் அந்தப் பிராகாரத்துக்கு வந்து நின்றுகொள்ளும். சொந்தம் ஒருவர் வந்து தன் நிழலை அதன் பக்கத்தில் போட்டால், அது என்றைக்கும் கோயிலோடு தங்கும். முதல் மழைக்குள் யாரும் வராவிட்டால் கரைந்துபோகும்.

மருதி கப்பலைவிட்டு இறங்கியபோது கிழக்கே மேகம் கூடிக்கொண்டிருந்தது.

வாழ்க்கைப்பட்டுக் கடல் தாண்டிப் போனவள், காதோரம் நரைத்துத் திரும்பி வந்திருந்தாள். அக்கா வஞ்சி இறந்த சேதி அவளுக்குத் தாமதமாகத்தான் வந்தது. தாயில்லாத மருதியை இடுப்பைவிட்டு இறக்காமல் வளர்த்தவள் வஞ்சி. தூக்கித் தூக்கியே அவள் இடுப்பு ஒரு பக்கம் சாய்ந்துவிட்டது. சுடுமணலில் நடக்கும்போது பாடுவாள்:

வெயிலே வெயிலே கடலுக்குப் போ,
நிழலே நிழலே மடிக்கு வா.

அதை முணுமுணுத்துக்கொண்டே மருதி பொட்டலுக்கு ஓடினாள். பொழுது சாய்ந்தும் அங்கே கோயில் இல்லை. தூணைச் சுற்றி விளக்கு, விளக்கைச் சுற்றி விளக்கு, அதைச் சுற்றியும் விளக்கு. கண்ணைத் திறக்க முடியவில்லை.

“அடியே, வஞ்சி தங்கச்சியா? தலையெல்லாம் நரைச்சுப்போச்சே!” என்றாள் எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்த செம்பாயி. சின்ன வயதில் மருதியோடு விளையாடியவள்.

“என் தலை கிடக்கட்டும். கோயில் எங்கே செம்பாயி?”

“சூறையன்னு ஒரு தவசி வந்தாரு. ‘சாமி இருட்டுல கிடக்குதே, உங்களுக்கு வெட்கமா இல்லையா?’ன்னாரு. விளக்கு ஏத்தினோம். நிழலைக் காணோம். பத்தலைன்னாரு, இன்னும் ஏத்தினோம். அப்பவும் வரலை. இன்னும் ஏத்தினோம்.”

“ஏத்த ஏத்தத்தானே போச்சு! நிழலுக்கு வெளிச்சம் ஆகுமா?”

“மெதுவாப் பேசுடி. ஒரு விளக்கை அமர்த்தினாலும் அமர்த்தினவங்க கண்ணு அவிஞ்சுபோகுமாம்.”

அப்போது சூறையனே அந்தப் பக்கம் வந்தான். முருங்கைக்காய் போல ஒரு மனிதன். அவன் குதிகாலில் ஒட்டிக்கொண்டு ஏழுநிலைக் கோபுரம் ஒன்று தரையில் இழுபட்டு வந்தது. அவன் திரும்பினால் கோபுரமும் வளைந்து திரும்பியது.

“இது என்னடி?”

“தவசிங்க நிழல் பெருசாத்தான் இருக்குமாம். அவரே சொன்னாரு.”

மருதி உற்றுப் பார்த்தாள். அந்த நிழலின் மடிப்பில், யார் யாரோ நிற்பதற்கு நடுவில், இடுப்பு சாய்ந்த ஒரு நிழல். வெளிறிப்போயிருந்தது. கிழக்கே இடி உறுமியது.

“ச்சு ச்சு ச்சு!” தூணின் உச்சியிலிருந்து ஒரு பல்லி எட்டிப் பார்த்தது. “ஒருத்திக்காவது புத்தி இருக்கே. ஒரு வருஷமா நான் தூங்கலை. எனக்கு இமையும் கிடையாது, மூடிக்கவும் வழியில்லை.”

“பல்லியாரே, விளக்கை அமர்த்தி மலையேத்தினா கோயில் வருமா?”

“வரும்.”

“என் கண்ணு?”

“அது எனக்குத் தெரியாது. கண்ணு போயிட்டா அக்காவை எப்படிப் பார்ப்பே?”

மருதி தன் பாதங்களைப் பார்த்துக்கொண்டாள். “கால் இருக்கே. குளிர்ந்தா தெரியாதா?”

கிண்ணத்தில் பாலும் கையில் தும்பைப்பூவுமாக அவள் வந்ததும் ஊரே கூடிவிட்டது.

“கடல் தாண்டிப் போனவளுக்கு முறை மறந்துபோச்சு!”

“மறக்கலை. வீட்டு விளக்கை நாம எல்லாரும் தினமும் மலையேத்துறோம், அதுவும் அசந்துபோகும்னு. இதை மட்டும் ஏன் வாட்டுறீங்க? போனா என் கண்ணுதானே போகும்?”

பூவைப் பாலில் தோய்த்து முதல் விளக்கின் திரியில் வைத்தாள். கண் மங்கியது. இரண்டாவது விளக்கு. இன்னும் மங்கியது. மூன்றாவது விளக்குக்குக் கையால் தடவினாள். அந்தத் திரியில் ஏற்கெனவே ஒரு பூ இருந்தது.

“ஒருத்தி கண்ணு மட்டும் போவானேன்?” என்றது செம்பாயியின் குரல்.

அப்புறம் எத்தனை கைகளோ, எத்தனை பூக்களோ. சூறையன் கத்தினான், மிரட்டினான், கடைசியில் கெஞ்சினான். கடைசி விளக்கும் மலையேறியது. எல்லோர் கண்ணிலும் ஒரே கறுப்பு.

மருதி காலை எடுத்து வைத்தாள். சூடு. மறுபடி வைத்தாள். சூடு. மூன்றாவதாக வைத்தாள். குளிர்ச்சி!

வெயிலே வெயிலே கடலுக்குப் போ,
நிழலே நிழலே மடிக்கு வா.

பாடப் பாடக் குளிர்ச்சி பாதத்திலிருந்து ஏறிக் கண்ணைத் தொட்டது. கறுப்பு விலகியது. மாயம் கலைந்து, சூறையனின் குதிகாலைவிட்டு நழுவிய கோயில் தன் தூணிலிருந்து விழுந்து பரந்து கிடந்தது.

“எனக்கென்று ஒரு நிழல்கூட இல்லையே!” என்று சூறையன் பொட்டலில் உட்கார்ந்து அழுதான். மந்திரம் கற்பதற்காகச் சின்ன வயதிலேயே தன் நிழலை அறுத்து எறிந்தவன் அவன்.

“ச்சு ச்சு ச்சு, மடையா! கோயிலையே இழுத்துக்கிட்டுத் திரிஞ்சியே, உள்ளே யார் நிக்கிறாங்கன்னு ஒருநாளாவது பார்த்தியா?”

பிராகாரத்து மூலையில் ஒரு சிறுபிள்ளையின் நிழல், அறுபட்ட காலோடு, உடையவன் இன்னும் சாகாததால் எந்த மழையிலும் கரையாமல், யாராவது வரமாட்டார்களா என்று நின்றுகொண்டிருந்தது. சூறையன் தவழ்ந்து போய் அதன் பாதத்தில் தன் பாதத்தை வைத்தான். மந்திரமெல்லாம் அவனைவிட்டுப் போனது. அவன் அதைக் கவனிக்கக்கூட இல்லை.

முதல் துளி மருதியின் தோளில் விழுந்தது. அவள் ஓடினாள். சாய்ந்த அந்த நிழலின் பக்கத்தில், நரைத்த தலையும் தளர்ந்த தோளுமாய்த் தன் நிழலைப் போட்டாள்.

“வந்துட்டேன் அக்கா.”

வெளிறியிருந்த நிழல் கருத்தது, திடமானது. மழை சடசடவென்று இறங்கியது. எதுவும் கரையவில்லை. அக்காவின் நிழல் இடுப்பை இன்னும் கொஞ்சம் சாய்த்துக் காட்டியது, ஏறிக்கொள் என்பதுபோல.

அந்தப் பக்கம் போக வாய்த்தால், பொழுது சாய்ந்தபின் போங்கள். செருப்பைக் கழற்றிவிட்டுப் போங்கள்.