இருபத்திரண்டு அங்குல எதிரி

அந்தப் பெரிய யுத்தத்தில் ஐரோப்பாக்காரர்கள் மூன்று வருஷமாகத் தங்களுக்குத் தாங்களே குழி தோண்டிக்கொண்டிருந்தார்கள். தோண்டிய குழியில் இறங்கி நிற்க ஆள் போதவில்லை என்று தெரிந்ததும் அமெரிக்கா கப்பல் கப்பலாக ஆள் அனுப்பியது. அதில் ஒரு கப்பலில் முட்டாள்களை மட்டும் ஏற்றினார்கள் என்று சொல்வது நியாயமில்லை. எல்லாக் கப்பலிலும் கலந்துதான் ஏற்றினார்கள். கேப்டன் பிரிங்கிளின் குழியில் மட்டும் கலப்படம் இல்லை.

பிரான்ஸ் தேசத்தில் மழையும் சேறுமாகக் கிடந்த அந்தப் பதுங்குகுழியில் நான்கு பேர் இருந்தார்கள். கேப்டன் பிரிங்கிள், ஊரில் மாமனாரின் நாற்காலிக் கடையைப் பார்த்துக்கொண்டிருந்தவர். மீசை நன்றாக இருந்ததால் கேப்டன் ஆக்கப்பட்டார். சார்ஜெண்ட் கிரப், எந்த உத்தரவையும் இரண்டு முறை உரக்கச் சொல்வார். புரிந்துகொள்வதற்கு அவரிடம் இருந்த ஒரே வழி அதுதான். எல்மர், வர்ஜில் என்று இரண்டு சிப்பாய்கள். ஒரே பண்ணையில் ஒன்றாக வளர்ந்து, எதையும் ஒன்றாகவே புரிந்துகொள்ளாமல் இருந்தவர்கள்.

இவர்களுக்கு மேலே கர்னல் ஹாத்வே. அவர் பல மைல் பின்னால் ஒரு மாளிகையில் உட்கார்ந்து டெலிபோனில் போர் நடத்தினார். போரைப் பற்றி அவருக்கு இருந்த ஒரே புகார், சாப்பிடும்போது சத்தம் கேட்கிறது என்பது.

பயிற்சியில் இவர்களுக்கு, "துப்பாக்கியைப் பெண்டாட்டி மாதிரிப் பார்த்துக்கொள்ளுங்கள்" என்று சொல்லியிருந்தார்கள். எல்மர் ஒவ்வொரு தடவையும் சுடட்டுமா என்று துப்பாக்கியைக் கேட்பான். அது பதில் சொல்லாது. மௌனமாக இருந்தால் கோபம் என்று வீட்டில் பழகியவன், சுடாமல் கீழே வைத்துவிடுவான். வர்ஜிலுக்கும் அவன் பெண்டாட்டிக்கும் ஒத்துவராது. அவன் துப்பாக்கியை அதன் அம்மா வீட்டுக்கே, அதாவது ஆயுதக் கிடங்குக்கே, அனுப்பிவிட்டான்.

கையெறி குண்டுக்கும் பயிற்சி உண்டு. "ஊசியைப் பிடுங்கி எறியுங்கள்" என்றார்கள். கிரப் பிடுங்கினார், எறிந்தார். ஊசி வெகு தூரம் போய் விழுந்தது. "சபாஷ்!" என்று கை தட்டினார் கேப்டன். குண்டு கிரப்பின் இடது கையிலேயே இருந்தது. அதை ஒப்பந்தத்தில் செய்துகொடுத்த புண்ணியவான் வெடிமருந்துக்குப் பதிலாக மரத்தூள் அடைத்திருந்ததால் நான்கு பேரும் பிழைத்தார்கள். தேசத்தைக் கொள்ளையடித்தவன் ஒருவன் தேசத்தின் வீரர்களைக் காப்பாற்றியது அந்த யுத்தத்தில் அடிக்கடி நடந்தது.

ஒருநாள் டெலிபோன் அடித்தது.

"பிரிங்கிள்! ஒரு அங்குல மண்ணைக்கூட எதிரிக்கு விட்டுக்கொடுக்கக் கூடாது. விட்டா உன்னைச் சுட்டுடுவேன். இன்னொண்ணு, எதிரி கண்ணுல மண்ணைத் தூவணும். எப்படின்னு நீயே யோசி. நாளைக்கு மத்தியானம் நானே வந்து பார்க்கிறேன்."

கேப்டன் ரிசீவரை வைத்துவிட்டு வெளிறிப் போனார். உத்தரவைக் கிரப் இரண்டு முறை உரக்கச் சொன்னார். பிறகு ஆலோசனை நடந்தது.

"சார், ஒரு சந்தேகம்," என்றான் வர்ஜில். "மண்ணைத் தூவினா மண்ணு அவங்க பக்கம் போயிடுமே?"

"எவ்வளவு போகும்?"

"ஒரு பிடி போகும்."

"ஒரு பிடி எத்தனை அங்குலம்?"

ஒரு பிடி மண்ணை எடுத்துப் பலகையில் பரப்பி அளந்தார்கள். ஒன்பது அங்குலம். அதையே குவித்து அளந்தால் மூன்று.

"எதிரி பரப்புவானா, குவிப்பானா?" என்று கேட்டார் கேப்டன்.

"அவன் கெட்டவன் சார்," என்றார் கிரப். "பரப்பத்தான் பார்ப்பான். பரப்பத்தான் பார்ப்பான்."

குவித்தாலும் இரண்டு அங்குலம் கூடுதல்தான் என்று எல்மர் கணக்குச் சொன்னதும் எல்லோரும் தலையில் கை வைத்தார்கள். இரண்டு உத்தரவில் எதை நிறைவேற்றினாலும் மற்றது மீறப்படும். எப்படிப் பார்த்தாலும் கேப்டன் சுடப்படுவார். மற்ற மூவருக்கும் இது வருத்தமாக இருந்தது. மீசை நல்ல மீசை.

எல்மர்தான் வழி கண்டான். "அவங்க மண்ணையே எடுத்து அவங்க கண்ணுல போட்டா?"

கேப்டன் எழுந்து அவன் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

விடிந்ததும் பனிமூட்டம் நன்றாக இறங்கியிருந்தது. எல்மரும் வர்ஜிலும் ஒரு வாளியோடு, இரண்டு படைகளுக்கும் நடுவே யாருக்கும் சொந்தமில்லாமல் கிடந்த வெளியில் மண் எடுக்க ஊர்ந்து போனார்கள். ஒரு பள்ளத்திலிருந்து வெள்ளைச் சட்டை ஒன்று ஆடியது. ஆட்டியவன் ஒரு ஜெர்மானியன். சட்டையைக் கழற்றிவிட்டதால் வெற்று மேலோடு நடுங்கிக்கொண்டிருந்தான்.

"அய்யா, சரணடைய வந்தேன்," என்றான் சுத்தமான அமெரிக்க இங்கிலீஷில். அவன் பெயர் யோஸ்ட். அமெரிக்காவில் மில்வாக்கி நகரத்தில் பீர் லாரி ஓட்டிக்கொண்டிருந்தவன். அம்மாவைப் பார்க்க ஊருக்குப் போன இடத்தில் பிடித்துப் படையில் சேர்த்துவிட்டார்கள். "ஓடிப்போறவன்னு எங்க ஆளுங்களே என்னைச் சுடக் காத்திருக்காங்க. பனி விலகறதுக்குள்ள உங்க குழிக்குள்ள போயிடணும். இல்லேன்னா நான் செத்தேன்."

"வா வா," என்றான் வர்ஜில். வாளியில் மண்ணை அள்ளிக்கொண்டு, அவனைக் குழியின் விளிம்புவரை அழைத்து வந்தார்கள். யோஸ்ட் உள்ளே ஒரு காலை வைக்கப் போனான்.

"நில்!" என்று கத்தினார் கேப்டன். "நீ யாரு?"

"உங்க கைதி அய்யா."

"உள்ளே வந்தாத்தான் கைதி. அதுவரைக்கும் எதிரி."

"சரி, உள்ளே வரேன்."

"எதிரி எப்படி உள்ளே வரலாம்? நீ கால் வைக்கிற இடம் உன் இடமாயிடும். எல்மர், அவன் பூட்ஸை அள!"

எல்மர் அளந்தான். "பதினோரு அங்குலம் சார். ரெண்டு காலும் சேர்த்து இருபத்திரண்டு."

"இருபத்திரண்டு!" கேப்டன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். "ஒண்ணுக்கே சுடுறேன்னார்!"

யோஸ்ட் அண்ணாந்து பார்த்தான். பனி மெலிந்துகொண்டிருந்தது. "அய்யா, நான் ஒத்தைக் கால்ல நிக்கிறேன்."

"அப்பவும் பதினொண்ணு," என்றார் கிரப். "அப்பவும் பதினொண்ணு."

"நுனிக்கால்ல நிக்கிறேன்!"

எல்மர் மறுபடி அளந்தான். "மூணு அங்குலம் சார்." கேப்டன் வருத்தத்தோடு தலையசைத்தார். சட்டம் சட்டம்தான்.

எதிர்ப்பக்கம் யாரோ ஜெர்மனில் கத்தினார்கள். துப்பாக்கியை இழுத்துத் தயார் செய்யும் சத்தம் கேட்டது. யோஸ்டுக்குப் பொறுமை போய்விட்டது. "அப்போ ஒண்ணு பண்ணுங்க! என்னைத் தோள்ல தூக்கி வெச்சுக் கொஞ்சுங்க!"

நால்வரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"தோள் மண்ணு இல்லையே சார்," என்றான் வர்ஜில் மெதுவாக.

கிரப் அவனை அப்படியே வாரித் தோளில் வைத்துக்கொண்டு குழிக்குள் இறங்கினார். கொஞ்சுவது உத்தரவா என்று கேட்டார். அதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றார் கேப்டன்.

இறங்கிய அதே நிமிஷம் பனி விலகியது. குழிக்கு வெளியே யோஸ்டின் தலை மட்டும் பூசணிக்காய் மாதிரித் தெரிந்தது. குண்டு ஒன்று காதோரம் பறந்தது. "குனியுங்கடா!" என்று அலறினான். கிரப் நாலு காலில் மண்டி போட்டார். யோஸ்ட் அவர் முதுகில் குதிரை ஏறியவன் மாதிரி உட்கார்ந்தான். உயிர் இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டான். இருந்தது.

"தம்பி, ஒரு சின்ன வேலை," என்றார் கேப்டன். "நீ இன்னும் எதிரிதானே?"

"உங்க கணக்குப்படி ஆமாம்."

கேப்டன் வாளியிலிருந்து ஒரு பிடி எடுத்து அவன் கண்ணில் தூவினார். "மன்னிச்சுக்கோ. கர்னல் உத்தரவு. எரியுதா?"

"எரியுது அய்யா."

"ரொம்ப நன்றி."

மத்தியானம் கர்னல் வந்தபோது சுமக்கும் முறை கேப்டனுடையதாக இருந்தது. முதுகில் யோஸ்ட் உட்கார்ந்திருக்க, எல்மர் அவனுக்கு ரொட்டி ஊட்டிக்கொண்டிருந்தான். சல்யூட் அடிக்கக் கையை எடுத்தால் எதிரி மண்ணில் விழுந்துவிடுவான் என்பதால் கேப்டன் ஒரு பின்னங்காலைத் தூக்கி மரியாதை செய்தார்.

"என்ன இது?" என்றார் கர்னல்.

கீழே இருந்தபடியே கேப்டன் விளக்கினார். யோஸ்ட் கர்னலின் முகத்தையே நம்பிக்கையோடு பார்த்தான். பதவி மேலே போகப் போகப் புத்தியும் இருக்கும் என்று நினைக்கிற சாதுவான மனிதன் அவன். கர்னலின் கண் கலங்கியது.

"பிரிங்கிள், உத்தரவுன்னா இப்படித்தான் நிறைவேத்தணும். இவனை மண்ணு படாம என் கார்லயே கைதி முகாமுக்குக் கொண்டுபோறேன். நீங்களும் கூட வாங்க."

கேப்டன் முகாமுக்குப் போன் செய்து, கர்னலும் ஒரு கைதியும் வருகிறார்கள் என்று சொன்னார். யோஸ்டைச் சுமந்துபோய்க் காரில் வைத்தார்கள். அன்றைக்கு டிரைவருக்குக் காய்ச்சல் என்பதால் கர்னலே ஓட்டினார். கொஞ்ச தூரத்தில் சக்கரம் சேற்றில் புதைந்தது.

"எல்லாரும் இறங்கித் தள்ளுங்க," என்றார் கர்னல்.

"கைதியும் இறங்கணுமா சார்?"

"மடையா! இருபத்திரண்டு அங்குலம்! அவன் ஸ்டியரிங்கைப் பிடிச்சுக்கட்டும். நானும் தள்ளுறேன்."

ஆறு பேரும் தள்ளினார்கள் என்று சொல்ல வந்தேன். ஆறாவது ஆள் கையில் ஸ்டியரிங் இருந்தது. மற்ற நால்வரும் கர்னலும் பின்னால் நின்று தள்ள, சக்கரம் சுழன்று குழிச் சேறு முழுவதையும் அவர்கள் மேல் வாரி அடித்தது. யாருக்கும் முகம் என்று ஒன்று மிஞ்சவில்லை. கார் விடுபட்டு ஓடியது. நிறுத்தலாமா என்று யோஸ்ட் யோசித்தான். பீரங்கிச் சத்தம் பின்னால் கேட்டது. யோசிப்பதை நிறுத்தினான். குளிர் தாங்காமல் பின் சீட்டில் கிடந்த கர்னலின் ஓவர்கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டான்.

கைதி முகாமின் காவல்காரன் கர்னலைப் பார்த்ததே இல்லை. காரைப் பார்த்தான், கோட்டைப் பார்த்தான், விறைப்பாக நின்றான்.

"நான் கைதி," என்றான் யோஸ்ட்.

காவல்காரன் விழுந்து விழுந்து சிரித்தான். மேலதிகாரி தமாஷ் சொன்னால் எவ்வளவு சிரிக்க வேண்டும் என்பது அவனுக்குத் தெரியும். உள்ளே அழைத்துப்போய் நெருப்புக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, சூப் கொடுத்தான். இன்னும் இரண்டு தடவை உண்மையைச் சொல்லிப் பார்த்த யோஸ்ட், சூப் ஆறிவிடும் என்று விட்டுவிட்டான்.

சாயங்காலம் ஐந்து சேற்று உருண்டைகள் நடந்து வந்து வாசலில் நின்றன.

"கர்னல் அப்பவே வந்தாச்சு," என்றான் காவல்காரன். "கைதி எங்கே?"

"நான்தான்டா கர்னல்!" என்றது ஓர் உருண்டை.

கேப்டன் அந்த உருண்டையைச் சுற்றி வந்து பார்த்தார். "சார்ஜெண்ட், கர்னல் மேல சேறு பட்டு நீ பார்த்திருக்கியா?"

"கிடையாது சார். கிடையாது சார்."

"கர்னல் முன்னணியில நடந்து யாராவது பார்த்திருக்கீங்களா?"

யாரும் பார்த்ததில்லை. படையிலேயே அப்படி ஒரு பேச்சு இருந்ததில்லை.

"அப்போ இவன்தான் எதிரி!" என்றார் கேப்டன். "ஐயோ, இவ்வளவு தூரம் நம்ம மண்ணுல நடக்க விட்டுட்டோமே! தூக்குங்கடா!"

கிரப் கர்னலை அலாக்காகத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டார். கர்னல் கத்திய கத்தலில் ஜன்னல் திறந்தது. சூப் கிண்ணத்தோடு யோஸ்ட் எட்டிப் பார்த்தான். எப்படியும் நல்லவன்.

"அவர்தாம்ப்பா கர்னல். நான்தான் கைதி."

எல்லோரும் மரியாதையாகச் சிரித்தார்கள். கர்னல் மட்டும் சிரிக்கவில்லை. "பாருங்க," என்றார் கேப்டன், "எதிரிக்குத் தமாஷே புரியலை."

"சரி, அந்த மனுஷனைக் கீழேயாவது இறக்குங்க."

"மண்ணு போயிடும் சார்."

யோஸ்ட் கிண்ணத்தைப் பார்த்தான். அவர்களைப் பார்த்தான். "அப்போ மாத்தி மாத்தித் தூக்குங்க. ஒருத்தருக்கே முதுகு வலிக்கும்," என்று சொல்லி ஜன்னலைச் சாத்திக்கொண்டான்.

முகாமில் ஒப்படைக்கும் முன் எதற்கும் இருக்கட்டும் என்று எல்மர் தோளில் இருந்த கைதியின் பூட்ஸை அளந்தான். அவன் முகம் மாறியது.

"சார், ஒன்பது அங்குலம்தான் இருக்கு. ரெண்டும் சேர்த்துப் பதினெட்டு."

"காலையில இருபத்திரண்டு இருந்ததே!" கேப்டனுக்கு வியர்த்தது. "நாலு அங்குலம் எங்கேடா? வழியில விட்டுட்டு வந்துட்டீங்களா?"

நால்வரும் வந்த வழியே திரும்பினார்கள். வர்ஜில் வலப்பக்கம், எல்மர் இடப்பக்கம், சேற்றைக் கையால் துழாவிக்கொண்டே. நடுவில் கிரப். அவர் தோளில் கர்னல், தொண்டை கிழியக் கத்திக்கொண்டு வந்தார்.

கேப்டன் உதட்டில் விரலை வைத்தார்.

"சத்தம் போடாம தேடுங்க. கர்னல் காதுல விழுந்துடப் போகுது."