பாலைப் பிரிக்காத அன்னம்

ரொம்ப காலத்துக்கு முன்னால், மழை வரத் தவறினாலும் புலவர்கள் வரத் தவறாத கரும்பாறை நாட்டை வீரகேது என்றொரு மன்னன் ஆண்டுவந்தான். நல்லவன்தான். ஆனால் காலையில் சொன்னதை மாலையில் மாற்றிவிடுவான். கேட்டால், "காலையில் பேசியது என் பசி" என்பான்.

அவனுடைய மந்திரி ஆதிநம்பி. இளமையில் குதிரை வணிகர்களோடு பனிமலை வரை போய்வந்தவர். ஆஸ்தானப் புலவர் சொக்கேசக் கவிராயர். அரசியின் நடையை அன்னநடை என்று பாடி, தந்தத்தால் செய்த பல்லக்கைப் பரிசாக வாங்கியவர். அது போதாதென்று மந்திரியின் முத்திரை மோதிரத்தின் மேலும் அவருக்கு ஒரு கண்.

ஒரு மார்கழியில், பெரும்புயல் ஓய்ந்த மறுநாள், அரண்மனைக் குளத்தில் வெள்ளைவெளேரென்று நீண்ட கழுத்துப் பறவை ஒன்று வந்து இறங்கியது. அந்த நாட்டில் யாரும் அப்படி ஒன்றைக் கண்டதில்லை.

"அன்னம், மன்னா," என்றார் ஆதிநம்பி. "பனிமலைக்கு அந்தப் பக்கத்து ஏரிகளில் பார்த்திருக்கிறேன். காற்று அடித்துக்கொண்டு வந்துவிட்டது. களைப்பு தீர்ந்தால் தானே போய்விடும்."

மன்னனுக்குத் தலைகால் புரியவில்லை. "கவிராயர் பாடிய அன்னமா! அதை நடக்கவிடுங்கள், பார்ப்போம்!"

பறவையைக் கரையேற்றினார்கள். அதுவும் நடந்தது. நடையா அது! குட்டைக் கால்களை அகட்டி அகட்டி, கள்ளுக்கடையிலிருந்து வீடு திரும்புகிறவனைப் போலத் தள்ளாடியது. மன்னன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். சபையும் சிரித்தது.

அரசி பவளமாலினி மட்டும் சிரிக்கவில்லை. "கவிராயரே, என் நடை இதுதானா?" என்று கேட்டாள்.

கவிராயருக்கு வியர்த்துக் கொட்டியது. "தேவி, இது அன்னமே அல்ல! ஏதோ போலி வாத்து. பாலில் தண்ணீர் கலந்து வையுங்கள். அன்னமென்றால் பாலை மட்டும் பிரித்துக் குடிக்கும். ஏடுகள் எல்லாம் அப்படித்தான் சொல்கின்றன!"

"அப்படியே ஆகட்டும்," என்றான் மன்னன். "பிரிக்காவிட்டால் பறவை சமையற்கட்டுக்கு. அன்னம் என்று சொன்ன மந்திரியின் மோதிரம் கவிராயருக்கு."

ஆதிநம்பி பறவையைப் பார்த்தார். நீர்ப்பாசி தின்னும் பறவைக்குப் பாலைப் பற்றி என்ன தெரியும்? மோதிரம் போனால் போகட்டும். மலையையும் புயலையும் தாண்டி வந்த உயிர் ஒரு கிண்ணப் பாலில் போய்விடுமே என்றுதான் மனம் அடித்துக்கொண்டது.

வெள்ளிக் கிண்ணம் வந்தது. பறவை அலகை விட்டு உதறியது. பிறகு கிண்ணத்துக்குள்ளேயே ஏறிக் கவிழ்த்தது. பாலும் தண்ணீரும் சேர்ந்து கவிராயரின் பட்டுச் சால்வையில் தெறித்தன.

"பார்த்தீர்களா, போலி!" என்று கவிராயர் குதித்தார்.

ஆதிநம்பி மோதிரத்தைக் கழற்றினார். "தந்துவிடுகிறேன், மன்னா. அதற்கு முன் ஒரு வார்த்தை. கவிராயர் உங்களை என்னவென்று பாடியிருக்கிறார்?"

"சிங்கம் என்று." மன்னன் மீசையைத் தடவினான்.

"அப்படியானால் ஒரு தட்டு பச்சை இறைச்சி கொண்டுவரச் சொல்லட்டுமா? தின்றால் நீங்கள் எங்கள் அரசர். தின்னாவிட்டால்…"

மன்னனின் கை வாளுக்குப் போயிற்று. பாதி வழியில் நின்றது.

"தின்னாவிட்டால் நானும் போலியா, கவிராயரே?"

"ஐயோ மன்னா, அது வெறும் உவமை…"

"உவமையை நம்பியா ஓர் உயிரை அடுப்பில் ஏற்றப் பார்த்தீர்?" மன்னன் இடிபோலச் சிரித்தான். "மந்திரியாரே, மோதிரத்தைப் போட்டுக்கொள்ளும்."

ஆனால் அரசியின் முகம் தெளியவில்லை. "தேவி, குளத்தைப் பாருங்கள்," என்றார் ஆதிநம்பி மெதுவாக.

பறவை தண்ணீருக்குள் இறங்கியிருந்தது. இப்போது தள்ளாட்டம் இல்லை. கழுத்தை நிமிர்த்தி, அலை எழுப்பாமல் போய்க்கொண்டிருந்தது. சிரித்தவர்கள் எட்டி எட்டிப் பார்த்தார்கள்.

"கரை அதற்கு அந்நிய ஊர், தேவி. அங்கே யார் நடந்தாலும் முதலில் தள்ளாடத்தான் செய்வார்கள்."

அரசி மன்னன் பக்கம் திரும்பினாள். வாழையே விளையாத மேற்கு நாட்டிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள் அவள். "கல்யாண விருந்தில் இலையை எந்தப் பக்கம் மடிப்பதென்று தெரியாமல் நின்றேன்," என்றாள். "இந்தச் சபை இப்படித்தான் சிரித்தது. நீங்களும்தான்."

மன்னன் தலையைக் குனிந்துகொண்டான்.

"இதன் இறகில் யாரும் கை வைக்கக் கூடாது," என்றாள் அரசி.

தினமும் பாசி பறித்துப் போடும் வேலை கவிராயர் தலையில் விழுந்தது. கண்ணால் காணாததைப் பாடக் கூடாது என்றும் கட்டளை. சேற்றில் உட்கார்ந்தவருக்கு ஓர் உவமையும் வரவில்லை. பாவம், முதல் தடவையாக ஒரு பறவையைப் பார்த்தார்.

மாசியில் காற்று திரும்பியது. ஒரு காலை அன்னம் தண்ணீர்மேல் ஓடி எழுந்து, ஒரு வட்டம் போட்டு, வடக்கே போயிற்று. அது மறைந்த பிறகும் அரசி வானத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

மன்னன் பக்கத்தில் வந்தான். "உன் ஊர் எந்தத் திசை?" என்று கேட்டான். கல்யாணமான நாளிலிருந்து அவன் அதைக் கேட்டதே இல்லை.

அவள் மேற்கே கை நீட்டினாள்.

"மந்திரியாரே, பயணத்துக்கு ஏற்பாடு செய்யும். அரசியும் நானும் போகிறோம். கவிராயரின் பல்லக்கு சும்மாதானே கிடக்கிறது!"

ஆதிநம்பி பல்லக்கைத் துடைக்கச் சொன்னார். ஆனால் ஆட்களைக் கூப்பிடவில்லை. மாலை வரை காத்திருந்தார்.

மன்னன் பேச்சை மாற்றவில்லை.