மூன்று முறை சொல்லும் குருவியும் நகராத கோவேறு கழுதையும்

அந்தக் காலத்தில் கோழி கூப்பிட்டால் மனுஷன் பதில் சொல்வான். மனுஷன் முனகினால் பன்றி வந்து என்னவென்று விசாரிக்கும். எல்லோருக்கும் ஒரே பேச்சுதான். அமெரிக்காவின் தெற்கே, ஜார்ஜியாவின் செம்மண் காட்டில், கறுப்பு மக்கள் அடிமைத்தளையை அறுத்துக்கொண்டு வெளியே வந்து, சொந்த நிலத்தில் முதன்முதலாக ஏர் ஓட்டிக்கொண்டிருந்த சமயம் அது.

அங்கே லூவீனியா என்று ஒருத்தி இருந்தாள். கரும்புப்பாகு காய்ச்சுவதில் அவளுக்கு ஈடு அந்தப் பக்கத்திலேயே யாரும் இல்லை. இருபது வருஷம் அடுத்தவன் கொப்பரையில் அடுத்தவனுக்காகக் காய்ச்சியவள். அந்த இருபது வருஷத்தில் அவளுக்குக் கிடைத்த பாகு, அகப்பையின் பின்பக்கம் ஒட்டியது மட்டும். இப்போது அவளும் அவள் புருஷன் ஐசமும் அரை ஏக்கர் சொந்தக் கரும்பு போட்டிருந்தார்கள். முதல் வெட்டு. வருஷம் முழுக்கக் காலையில் சோளரொட்டிக்குத் தொட்டுக்கொள்ளவும், சுட்ட சர்க்கரைவள்ளிக் கிழங்கின் மேல் ஊற்றவும், நாற்று நட்டபோதும் களை எடுத்தபோதும் கைகொடுத்த பக்கத்துப் பண்ணைக்காரர்களுக்கு வீட்டுக்கு ஒரு ஜாடி கொடுக்கவும் இதுதான் இருந்தது. மறுநாள் உறைபனி விழும் என்று வாத்துகள் சொல்லிவிட்டுத் தெற்கே பறந்துவிட்டன. பனி பட்டால் கரும்பு புளித்துப்போகும். ஆகவே எல்லாம் அன்று ஒரே பகலில் முடிந்தாக வேண்டும்.

லூவீனியா காய்ச்சும் விதமே தனி. அவளிடம் கடிகாரம் கிடையாது. கதைதான் அவளுக்குக் கடிகாரம்.

கொப்பரைக்கு இந்தப் பக்கம் துளைக் கரண்டியோடு அவள் நின்று நுரை வழிப்பாள். செங்கல் அடுப்பின் அந்தப் பக்கம், அவள் முகமே தெரியாத இடத்தில், அடுப்பு வாய்க்கு எதிரே ஐசம் உட்கார்ந்திருப்பான். நடுவில் ஆள் உயரத்துக்கு ஆவி. "தீயைக் கூட்டு, குறை" என்று அவள் ஒருநாளும் கத்தியதில்லை. கல்யாண வீட்டுக்குப் புறப்பட்ட ஆமையின் கதையைச் சொல்வாள், அவ்வளவுதான். ஆமை புறப்பட்டால் தீ எரியலாம். ஆமை ஓடையைத் தாண்டினால் அழுக்கு நுரை போய்விட்டது என்று அர்த்தம். சாறு நீர்த்துப்போய் நேரம் பிடித்தால், "ஆமைக்கு மூச்சு வாங்குது, மேட்டுலயே உக்காந்துட்டுது" என்பாள்; ஐசம் இன்னொரு கட்டை வைப்பான். ஆமை கல்யாண வீட்டுக் கதவைத் தட்டியது என்றால், ஐசம் அந்த நொடியே இரும்புக் கொக்கியால் தீயை வெளியே இழுத்துவிட வேண்டும். கரண்டியைத் தூக்கினால் சொட்டுகள் ஒன்றோடு ஒன்று சேர்ந்து தகடு மாதிரி விழும், அதுதான் பதம். ஒரு கொதி கூடினால் கருகிவிடும். கதையும் பாகும் ஒன்றாகத்தான் முடியும். கேட்க வந்தவர்கள் பாகுக்காக வந்தார்களா கதைக்காக வந்தார்களா என்று அவர்களுக்கே தெரியாது.

கொப்பரைக்குச் சாறு வருவது கரும்பு பிழியும் ஆலையிலிருந்து. ஆலையைச் சுற்றுவது சாலமன். சாலமன் ஒரு கோவேறு கழுதை. அந்த நாளில் அவனைப்போலச் சொல்பேச்சு கேட்கிற பிராணி ஒன்று கிடையாது. "நட" என்ற சொல்லில் பாதி வாயிலிருந்து வருவதற்குள் நடப்பான். "நில்" என்றால் தூக்கிய காலைக் கீழே வைக்கலாமா என்று கேட்டுவிட்டுத்தான் வைப்பான்.

ஆலைக்கு மேலே தேவதாரு வேலிக்கம்பத்தில் ஒரு சாம்பல்நிறக் குருவி. இறக்கையில் வெள்ளைத் திட்டு, நீண்ட வால். அதற்குப் பெயர் பலகுரலான். கதவு கீச்சிட்டால் அதே கீச்சு, சேவல் கூவினால் அதே கூவல், ஐசம் தும்மினால் மூக்கைத் துடைக்கிற சத்தத்தோடு சேர்த்து அதே தும்மல். ஒரு தடவை கேட்டால் போதும், ஒரு தடவை சொல்லும், தாய்க்கும் வித்தியாசம் தெரியாது. அதனால் ஆகாதது ஒன்றே ஒன்றுதான்: அடுத்தவர் குரலில், அவர் சொல்லிக் கேட்காததைச் சொல்ல வராது.

காலையில் முதல் கொப்பரை நல்லபடியாக இறங்கியது. சாறு நீர்த்திருந்ததால் ஆமை மேட்டில் வெகுநேரம் உட்கார்ந்துவிட்டது. பலகுரலான் அதைத் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டது.

இரண்டாம் கொப்பரைக்குச் சாறு பிழிகையில் பலகுரலானுக்கு நாக்கு அரித்தது. லூவீனியாவின் குரலில், அந்த அடித்தொண்டைக் கரகரப்பு உட்பட, "நில்லு சாலமன், தண்ணி குடி" என்றது. சாலமன் நின்றான். சுற்றும் முற்றும் பார்த்தான். தண்ணீரைக் காணோம். "நட" என்றது. நடந்தான். "நில்லு, தண்ணி குடி." நின்றான். இப்படி ஏழு தடவை. பக்கத்துப் பண்ணை டெம்பி வறுத்த கோழித்தட்டைக் கையில் வைத்துக்கொண்டே சிரித்துச் சிரித்து உட்கார்ந்துவிட்டாள். லூவீனியாவே கரண்டியைக் கீழே வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். என் அம்மா கேட்டிருந்தாக்கூட திரும்பிப் பாத்திருப்பா என்று மெச்சினாள். சாலமன் மட்டும் சிரிக்கவில்லை. அவன் காதுகள் கொஞ்சம் கொஞ்சமாகத் தொங்கின.

அந்தச் சிரிப்புதான் கெடுத்தது. பலகுரலானுக்குச் சிரிப்புச் சத்தம் சோளக்கள்ளைவிட அதிகமாய் ஏறியது. இதைவிடப் பெரிய சிரிப்பு வேண்டும் என்று தோன்றிவிட்டது.

மூன்றாவதுதான் கடைசிக் கொப்பரை. பெரிய கொப்பரை. நடுவயல் கரும்பு, இருப்பதிலேயே இனிப்பானது. ஜாடிக் கணக்கில் பார்த்தால் முதல் இரண்டையும் சேர்த்தாலும் இதற்கு ஈடாகாது. சாறு 'களக் களக்' என்று கொதித்தது. பிறகு கெட்டியாகி 'பொத் பொத்' என்று பெரிய குமிழாக வெடித்தது. ஆமை புறப்பட்டது, ஓடையைத் தாண்டியது, மேட்டில் ஏறி இறங்கியது. லூவீனியா கரண்டியைத் தூக்கினாள். தகடு விழுந்தது. பொன்னும் சிவப்பும் கலந்த நிறம். இருபது வருஷத்தில் இப்படி ஒரு பாகை அவள் கண்டதில்லை.

"ஆமை கதவைத் தட்டிச்சு" என்றாள்.

ஐசம் கொக்கியை எடுத்தான். அந்த நேரம் பார்த்து, ஆவிக்குள்ளிருந்து, லூவீனியாவின் குரலிலேயே வந்தது:

"ஆமைக்கு மூச்சு வாங்குது, மேட்டுலயே உக்காந்துட்டுது."

ஐசம் கொக்கியை வைத்துவிட்டு, பிசின் வழியும் பைன் கட்டை ஒன்றைத் தூக்கி உள்ளே போட்டான். தீ 'புஸ்'ஸென்று எழுந்தது.

லூவீனியா மறுபடி கதவைத் தட்டினாள். குருவி மறுபடி மேட்டில் உட்காரவைத்தது. தட்டிற்று, உட்கார்ந்தது, தட்டிற்று, உட்கார்ந்தது. அடுப்பு வாயில் ஐசம் ஒரு கையில் கொக்கி, ஒரு கையில் கட்டையோடு இரண்டு பெண்டாட்டிக்கு நடுவில் மாட்டிக்கொண்டவன்போல நின்றான். எது அவள்? அவளால் அடுப்பைச் சுற்றி ஓடி வரவும் முடியாது. துழாவுவதை நிறுத்தினால் அடி பிடித்துவிடும். கொப்பரை ஓரத்தில் இழையாகப் புகை கிளம்பியது. வெந்த இனிப்பு வாசனையில் ஒரு கசப்பு கலந்தது. இருபது வருஷமும் முதல் அறுவடையும் அந்தப் புகையோடு போய்க்கொண்டிருந்தன. இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. அது பலகுரலானுக்கும் தெரிந்துவிட்டது. பயத்தில், "ஆமை கதவைத் தட்டிச்சு" என்று அதுவும் சொன்னது. ஆனால் ஐசம் இப்போது எந்தக் குரலையும் நம்பவில்லை.

லூவீனியா ஆமையை அங்கேயே விட்டுவிட்டாள். பிறகு, துழாவுவதை நிறுத்தாமல், யாரும் எங்கும் கேட்டிராத ஒரு கதையை ஆரம்பித்தாள்.

"ஒரு ஊர்ல ஐசம்னு ஒருத்தன் இருந்தான். அவன் இடதுகால் பூட்ஸுல ஓட்டை. அதை அவன் பொண்டாட்டிக்கிட்ட மறைச்சான். அவளுக்குத் தெரியும். போன ஞாயிற்றுக்கிழமையே தெரியும். அவ கொஞ்சம் பாகை வித்துதான் அந்த பூட்ஸை மாத்தணும்னு நெனச்சா."

பலகுரலான் திறந்த வாயை மூட மறந்து உட்கார்ந்திருந்தது. இதில் ஒரு சொல்லையும் அது முன்னால் கேட்டதில்லை. அடுத்தது என்ன வரும் என்று அதற்கும் தெரியவில்லை. தெரிந்துகொள்ள ஆசையாக இருந்தது.

"அப்ப அந்த ஐசம் என்ன செஞ்சான்னா, கையில இருந்த கட்டையைக் கீழ போட்டான். கொக்கியை எடுத்தான். தீயை இழுத்தான். கதை முடிஞ்சுது."

அடுப்புக்குப் பின்னாலிருந்து 'கர்ர்ர்' என்று கொக்கி உராயும் சத்தம் வந்தது. கங்கு முழுக்க வெளியே வந்து செம்மண்ணில் விழுந்தது. அதன் பின்னாலேயே ஐசமின் குரல், வெட்கத்தோடு, அந்த ஓட்டை சின்ன ஓட்டைதான் என்று சொன்னது.

பாகு பிழைத்தது. அடியில் ஒரு விரல் கனம் கருகிப்போனது. மேலே உள்ளதில் நிறம் ஒரு படி இருண்டு, நாக்கின் ஓரத்தில் ஒரு சின்னக் கசப்பு. அதைச் சோளரொட்டியில் தொட்டு வாயில் போட்ட டெம்பி விரல்களைச் சப்பிக்கொண்டாள். அப்புறம் இன்னொரு ரொட்டி கேட்டாள்.

எல்லோருக்கும் வயிறு நிறைந்த பின்பு வழக்கு வந்தது. பலகுரலானை என்ன செய்வது? டெம்பிக்குச் சந்தேகமே இல்லை. கறி கொஞ்சந்தான் தேறும், ஆனா மாவுருண்டை போட்டு வேக வச்சா நாலு பேருக்கு வரும் என்று, குருவியைக் கண்ணாலேயே எடை போட்டாள். வேலிக்கம்பத்தில் குருவி தன் உடம்பைத் தன்னால் முடிந்த அளவு சின்னதாக்கிக்கொண்டது.

லூவீனியா அதை நிமிர்ந்து பார்த்தாள்.

"ஐசம் பதினாலு வருஷமா என்கூடக் குடித்தனம் பண்றவன். அவனுக்கே என் குரல் எது, இதோட குரல் எதுன்னு தெரியல. இப்படி ஒரு வித்தைக்காரனை மாவுருண்டையோட வேக வைக்க எனக்கு மனசு வரல."

"தப்புதான் லூவீனியாக்கா" என்றது குருவி. அதன் சொந்தக் குரலை அன்றுதான் எல்லோரும் முதன்முதலாகக் கேட்டார்கள். ரொம்பச் சாதாரணமான குரல்.

அவள் தீர்ப்பு சொன்னாள். எந்தக் குரல் வேண்டுமானாலும் உனக்கு. என் குரலும் உனக்கு. ஆனால் எதைச் சொன்னாலும் மூன்று தடவைக்குக் குறையாமல் சொல்ல வேண்டும். ஒரு தடவை வந்தால் அது ஆள். திரும்பத் திரும்ப வந்தால் அது நீ. குருவி உடனே ஒப்புக்கொண்டது. ஒப்புக்கொண்டதை மூன்று தடவை சொன்னது.

அப்போது ஆலைப் பக்கமிருந்து மெதுவாக ஒரு தொண்டைக் கனைப்பு. சாலமன். குருவி பேச்சைக் கேட்டு ஏழு தடவை நின்றவன்.

"எனக்கு ஒரு சந்தேகம். யாராவது 'நட'ன்னு சொன்னா, அது ஆளா குருவியான்னு எனக்கு எப்படித் தெரியும்?"

எண்ணிப் பாரு என்றாள் லூவீனியா.

"எண்ணி முடிக்கிற வரைக்கும்?"

"நில்லு."

சாலமனின் தொங்கின காதுகள் இரண்டும் ஒவ்வொன்றாக நிமிர்ந்தன.

அன்றைக்கு ஏற்பட்ட ஏற்பாடுதான் இது. அந்த ஊர்க் குருவி இன்றும் வேலிக்கம்பத்தில் உட்கார்ந்து கதவுக் கீச்சு மூன்று, சேவல் கூவல் மூன்று, தும்மல் மூன்று என்று வாக்குத் தவறாமல் சொல்லிக்கொண்டிருக்கிறது. கோவேறு கழுதையும் 'நட' என்றதும் நின்று எண்ணுகிறது. பொறுமையில்லாதவன் "நட, நட, நட" என்று கத்துகிறான். கழுதை மூன்று வரை எண்ணி முடித்து, ஓ, குருவிதான் என்று நிம்மதியாகப் புல்லுக்குத் தலையைக் குனிந்துகொள்கிறது.